மரக்கட்டையில் விளைந்த மடைப்பள்ளிச் சுவை

மூங்கில் தட்டில் வைத்து ஆவியில் வேகவைத்த காளான் குடைகள். தண்டு நீக்கிய ஒவ்வொரு குடையின் குழிவிலும் டோஃபு, இஞ்சி, பொடியாக நறுக்கிய கேரட் எல்லாம் சேர்த்துப் பிசைந்த பூரணம். மேலே கொஞ்சம் சோயா சாஸ், சில துளி எள்ளெண்ணெய். இறைச்சி கிடையாது, மீன் கிடையாது, முட்டையோ நெய்யோ கிடையாது. ஆனாலும் கடித்த உடனே நாக்கில் பரவும் சுவை, மணிக்கணக்கில் கொதித்த எலும்புச் சாற்றின் ஆழத்தோடு இறங்குகிறது. பெருநகர உணவகங்கள் இதை ‘வீகன்’ வரிசையில், ‘ஆசியச் சுவை’ என்ற அடைமொழியோடு, புதுப் பண்டமாகப் பரிமாறுகின்றன.

பண்டத்தின் பெயர் புதிது, சுவை பழையது. இந்தச் சுவைக்கு ஆதாரமான ஷிட்டாகே காளானை மனிதர்கள் வளர்த்த முறை எழுத்தில் பதிவாகியே எண்ணூறு ஆண்டுகள் கடந்துவிட்டன. அதை உருவாக்கியவர்கள் இரு தரப்பினர். ஒரு தரப்பு, உழுவதற்குப் போதிய நிலம் இல்லாத மலைக் கிராமத்து உழைப்பாளிகள். மறு தரப்பு, இறைச்சியையும் பூண்டையும் சேர்த்தே விலக்கிவிட்ட பௌத்த மடங்களின் சமையற்காரர்கள். முன்னவர்கள் காட்டு மரத்திலிருந்து காளானை வரவழைத்தார்கள். பின்னவர்கள் காளானிலிருந்து சுவையை வரவழைத்தார்கள்.

சீனாவின் ஜெஜியாங் மாகாணத்துத் தென்மேற்கு மூலையில் லோங்சுவான், சிங்யுவான், ஜிங்னிங் என்று மூன்று வட்டங்கள் ஒட்டிக் கிடக்கின்றன. மலை மிகுதி, வயல் குறைவு. இந்த ஊர்களின் மக்கள் காளான் சாமியாகக் கும்பிடுபவர் வூ சான்கோங். 1130-இல் பிறந்தவர் என்று மரபு சொல்கிறது. காட்டில் மரம் வெட்டிப் பிழைத்த அவர், கோடரி பட்ட இடங்களில் மட்டும் காளான் முளைப்பதைக் கவனித்தாராம். வெட்டு அதிகமானால் காளானும் அதிகமானதாம். ஒரு கட்டை பல காலமாகியும் ஒன்றும் ஈனாமல் கிடக்க, ஆத்திரத்தில் அதை ஓங்கி அடித்தார். சில நாளில் கட்டை முழுக்கக் காளான் பூத்தது என்பது கதை. சிங்யுவானில் அவருக்கு எழுப்பிய கோயில் இன்றும் வழிபாட்டில் இருக்கிறது.

கதையைக் கதை என்று ஒதுக்கிவிட முடியாதபடி ஓர் ஆவணம் இருக்கிறது. 1209-இல் ஹே தான் என்பவர் தொகுத்த லோங்சுவான் வட்டார வரலாற்றில், இந்த வளர்ப்பு முறை 185 சீன எழுத்துகளில் விவரிக்கப்பட்டது. பின்னாளைய நூல்கள் அதை எடுத்தாண்டதால் அந்தக் குறிப்பு நிலைத்தது. நூறு ஆண்டுகளுக்குப் பிறகு, 1313-இல், வாங் ஜென் எழுதிய வேளாண் நூலும் அதே தொழிலைப் பேசுகிறது: ஏற்ற மரத்தைத் தேர்ந்து வெட்டிச் சாய்க்க வேண்டும், கோடரியால் பட்டையில் கொத்த வேண்டும், மண்ணும் இலையும் கொண்டு மூட வேண்டும், அரிசி கழுவிய நீரைத் தெளிக்க வேண்டும், பருவம் வந்ததும் கட்டையைத் தடியால் அடிக்க வேண்டும். அப்படி அடிப்பதைக் ‘காளானைத் திடுக்கிடச் செய்வது’ என்றார்கள்.

அடித்தால் காளான் வருமா? வரும். மரத்துக்குள் வெண்ணிற இழைகளாகப் பரவிக் கிடக்கும் பூஞ்சைக்கு, முற்றிய நிலையில் கிடைக்கும் அதிர்ச்சி (அடி, குளிர்ந்த நீர், திடீர் வெப்ப மாற்றம்) காளான் விடத் தூண்டுதலாகிறது. இன்றும் கட்டையில் வளர்ப்போர் நீரில் ஊறவைத்தும் தட்டியும் அதைச் செய்கிறார்கள். எந்த ஆய்வுக்கூடமும் இல்லாத காலத்தில், கவனிப்பு ஒன்றையே கருவியாகக் கொண்டு இதைக் கண்டடைந்தவர்கள் அந்த மலைவாசிகள்.

அவர்களுக்குத் தெரியாமல் இருந்தது ஒன்றுதான்: கோடரி வெட்டுக்குள் காளான் எப்படி வந்து சேர்கிறது என்பது. கண்ணுக்குத் தெரியாத நுண்வித்துகளைக் காற்று சுமந்து வந்து அந்தக் காயத்தில் போடுகிறது. அவை விழுந்தால் இரண்டு மூன்று ஆண்டுகளில் விளைச்சல். விழாவிட்டால் வெட்டிய மரமும் காத்திருந்த காலமும் வீண். வெட்டின் ஆழம், மரத்தின் வகை, சரிவின் ஈரம், நிழல் என்று கையில் இருந்தவற்றை எல்லாம் நுணுக்கமாகக் கற்று, கையில் இல்லாத காற்றுக்காகச் சாமி கும்பிட்டார்கள்.

மூன்று வட்டத்துக் காடுகள் போதாதபோது அவர்கள் புறப்பட்டார்கள். அறுவடை முடிந்ததும் ஆண்கள் ஃபூஜியான், ஜியாங்சி, ஆன்ஹுய் போன்ற மாகாணங்களின் காடுகளுக்கு நடந்துபோய், குடில் கட்டிக் குளிர்காலம் முழுவதும் தங்கி, வசந்தத்தில் ஊர் திரும்பினார்கள். தொழில் நுட்பம் வெளியே கசியாமலிருக்கத் தங்களுக்குள் ஒரு குழூஉக்குறி மொழி வைத்திருந்தார்கள். காட்டில் வழிப்பறிக்காரர்களிடமிருந்து காத்துக்கொள்ள, குடிலில் கிடக்கும் பெஞ்சையும் சுமைக் கம்பையும் ஆயுதமாக்கும் தற்காப்புக் கலை ஒன்றையும் வளர்த்தார்கள். உலர்ந்த காளான் எடை குறைவு, விலை அதிகம். தோளில் சுமந்து தொலைதூரச் சந்தைக்குக் கொண்டுபோக ஏற்ற சரக்கு. சாலையில்லாத மலைக்கு அதைவிடப் பொருத்தமான விளைபொருள் அமைவது அரிது.

இந்த ஊர்களில் இன்னொரு கதையும் வழங்குகிறது. மிங் அரசை 1368-இல் நிறுவிய பேரரசர் ஜூ யுவான்ஜாங், மழை வேண்டிச் சைவ நோன்பு இருந்தபோது உணவு பிடிக்காமல் வாடினார். பக்கத்துச் சிங்தியானைச் சேர்ந்த அமைச்சர் லியு போவென் உலர்ந்த காளானைச் சமைத்துக் கொடுக்கச் செய்தார். மகிழ்ந்த அரசர் காளான் வளர்க்கும் உரிமையை மூன்று வட்டங்களுக்கே தந்தார் என்பது அது. நடந்ததோ இல்லையோ, கதையின் உட்கரு கவனிக்கத்தக்கது. இறைச்சி இல்லாத நாளில் நாக்கைத் தேற்றியது காளான். அந்த நினைவு மடங்களில் இன்னும் அழுத்தமாகப் பதிந்திருக்கிறது.

இந்தியாவில் பிட்சை ஏற்று உண்ட துறவியருக்கு, கொடுத்ததை ஏற்பதே விதி. சீனாவில் மடங்கள் சொந்த நிலமும் சொந்த அடுப்பும் கொண்ட பெரிய அமைப்புகளாக வளர்ந்தன. 6-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், லியாங் வம்சத்துப் பேரரசர் வூ துறவியர் இறைச்சியும் மதுவும் தொடக்கூடாது என்று ஆணையிட்டார். தானும் அப்படியே வாழ்ந்தார். அதற்குப் பிறகு முழுச் சைவம் சீன பௌத்தத்தின் அடையாளமானது.

அங்கே ‘சைவம்’ என்பது நம் ஊர்ச் சைவத்தைவிடக் கடினமானது. சீன பௌத்தர் போற்றும் பிரம்மஜால சூத்திரம், நெடி மிகுந்த ஐந்து பொருள்களை விலக்கச் சொல்கிறது. பூண்டும் வெங்காய இனங்களும் அதில் அடக்கம், ஐந்தாவது பெருங்காயம். வெங்காயம் பூண்டு சேர்க்காத தமிழ் வீடுகளில், அந்த இடத்தை நிரப்புவது பெருங்காயம்தான். சாம்பாரும் ரசமும் அதன் துணையில் நிற்கின்றன. சீன மடத்துச் சமையற்காரருக்கு அந்தத் துணையும் மறுக்கப்பட்டது. எலும்புச் சாறு இல்லை, மீன் இல்லை, பால் பொருள்களுக்குச் சீனச் சமையலில் பெரிய இடமில்லை, தாளிக்க வெங்காயமும் இல்லை. நூற்றுக்கணக்கானவர்களுக்கு நாள்தோறும் சமைக்க வேண்டிய அவருக்குக் கைகொடுத்தவை சோயாவும் இஞ்சியும் எள்ளும், எல்லாவற்றுக்கும் மேலாக உலர்ந்த காளானும்.

காளானுக்கும் மடத்துக்கும் உள்ள உறவை, ஜப்பானியத் துறவி டோகென் எழுதிவைத்த ஒரு சந்திப்பு காட்டுகிறது. 1223-இல், இளம் துறவியாகச் சீனாவுக்குக் கப்பலேறி நிங்போ துறைமுகத்தில் இறங்க அனுமதிக்காகக் காத்திருந்தார் அவர். அறுபத்தொரு வயதுத் துறவி ஒருவர் கப்பலுக்கு வந்தார். அசோகரின் பெயர் தாங்கிய மலை மடம் ஒன்றின் மடைப்பள்ளித் தலைவர். மறுநாள் ஐந்தாம் மாதத்து ஐந்தாம் நாள், திருநாள். துறவியருக்கு நூடுல்ஸ் சூப் வைக்க ஜப்பானியச் சரக்கு ஒன்றை வாங்க நெடுந்தூரம் நடந்து வந்திருந்தார். மூலத்திலுள்ள சரக்கின் பெயரைப் பலர் உலர்ந்த காளான் என்றும், சிலர் மல்பெரிப் பழம் என்றும் கொள்கிறார்கள்.

இரவு தங்கிப் பேசிவிட்டுப் போகும்படி டோகென் கேட்டார். நாளைய சமையலை நான் பார்க்காவிட்டால் கெட்டுவிடும் என்றார் முதியவர். இந்த வயதில் தியானத்தையும் நூல்களையும் விட்டு அடுப்படி வேலை எதற்கு என்று டோகென் வியந்தபோது, துறவு என்னவென்று உமக்கு இன்னும் விளங்கவில்லை என்ற பொருளில் சிரித்துவிட்டுக் கிளம்பிப் போனார். அந்தச் சிரிப்பு டோகெனை விடவில்லை. நாடு திரும்பி, 1237-இல் அவர் எழுதிய ‘டென்சோ கியோகுன்’ முழுவதும் மடைப்பள்ளித் தலைவரின் கடமைகளைப் பற்றியது. அரிசி களைவது முதல் கீரைத் துண்டைக் கையாள்வது வரை எல்லாம் தவமே என்று நிறுவுவது. ஜப்பானின் மடத்துச் சமையலான ‘ஷோஜின் ரியோரி’க்கு அடித்தளம் அமைத்த நூல்களில் அது முதன்மையானது.

அந்தச் சமையலின் உயிர் ‘டாஷி’ எனும் சாறு. ஊரார் அதை உலர்ந்த மீன் சீவலில் காய்ச்சுவார்கள். மடத்தில் கொம்பு என்ற கடற்பாசியும் உலர்ந்த ஷிட்டாகேயும். இரண்டையும் தனித்தனியே ஊறவைத்த நீரைக் கலந்தால், எதிலும் தனியாக இல்லாத நிறைவு வருகிறது என்பதைத் துறவியர் அனுபவத்தில் அறிந்திருந்தார்கள்.

பூரணம் வைக்கும் வழக்கம் வேறொரு திசையிலிருந்து வந்தது. தென் சீனாவின் ஹக்கா மக்கள் டோஃபுவிலும் மிளகாயிலும் பாகற்காயிலும் கத்தரிக்காயிலும் காளான் குடையிலும் பூரணம் அடைத்துச் சமைப்பதில் பேர் பெற்றவர்கள். வடக்கிலிருந்து இடம்பெயர்ந்து வந்தவர்கள் அவர்கள். கோதுமை விளையாத தெற்கில், மாவில் மடித்த பூரணத்துக்கு ஏங்கி டோஃபுவைக் குடைந்து நிரப்பினார்கள் என்று சொல்வார்கள். அவர்கள் பூரணம் பன்றி இறைச்சியும் மீனும். கடல் கடந்து மலாயாவுக்கு வந்த ஹக்கா குடும்பங்களோடு அதுவும் வந்து ‘யொங் தாவ் ஃபூ’ ஆனது. கோலாலம்பூரின் அம்பாங் பகுதியில் அதைத் தேடி உண்ணும் மலேசியத் தமிழர்களுக்கு இது வெளிநாட்டுப் பண்டமல்ல, ஊர்ச் சாப்பாடு.

பூரணத்தில் இறைச்சியை நீக்கி டோஃபுவை வைத்தது சைவச் சமையல். மடங்களில் நசுக்கிய டோஃபுவும் வள்ளி இனக் கிழங்கின் பசையும் கொண்டு எதையும் பிடிப்பாக உருட்ட முடிந்தது. 1654-இல் சீனாவிலிருந்து ஜப்பான் சென்ற துறவி இங்கென், உஜி நகரில் மான்புகு-ஜி மடத்தை 1661-இல் நிறுவியபோது அவரோடு ‘ஃபுச்சா’ என்னும் சீன மடத்துச் சமையலும் வேர்விட்டது. காய்கறியையும் டோஃபுவையும் வைத்து மீனின் உருவத்தையும் இறைச்சியின் கடிபதத்தையும் கொண்டுவருவது அதன் சிறப்பு. 1782-இல் ஒசாகாவில் வெளியான டோஃபு சமையல் நூல் ஒன்று நூறு பக்குவங்களைத் தந்து பெரும் வரவேற்பைப் பெற்றது. சீனத் தரப்பில், ஷாங்காயில் 1922-இல் தொடங்கிய கோங்தெலின் சைவ உணவகம் இந்த மரபை நகரத்து மேசைக்குக் கொண்டுவந்தது. காளான் குடையை நீள நீளமாக நறுக்கி மாவில் பிரட்டிப் பொரித்து, விலாங்கு மீனைப் போலவே பரிமாறுவது சீனச் சைவச் சமையலின் புகழ்பெற்ற கைவண்ணங்களில் ஒன்று.

மடைப்பள்ளியில் சுவை இவ்வளவு செழித்தபோதும், காட்டில் உழைத்தவர் நிலை மாறவில்லை. ஜப்பானின் கியூஷூ தீவில், இன்றைய ஓய்டா மாவட்டத்தில், கென்பெய் என்ற கரிசுடும் தொழிலாளி 17-ஆம் நூற்றாண்டில் கட்டையில் காளான் வருவதைக் கவனித்து வளர்ப்பைத் தொடங்கினார் என்கிறார்கள். அங்கும் கத்தியால் வெட்டுப் போட்டுக் காற்றுக்குக் காத்திருப்பதே முறை. கடன் வாங்கி மரம் வாங்கி, காளான் வராமல் நிலத்தை இழந்தவர்கள் பலர்.

20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மிமுரா ஷோசாபுரோ போன்ற ஆய்வாளர்கள் காளானின் வித்தைத் தனியே வளர்க்க முயன்றார்கள். முடிச்சை அவிழ்த்தவர் மோரி கிசாகு. கியோட்டோ பல்கலைக்கழகத்தில் வேளாண்மை படித்த காலத்தில், ஓய்டா கிராமத்து விவசாயிகள் மரக்கட்டைகளின் முன் கைகூப்பிக் காளான் வர வேண்டிக்கொள்வதைக் கண்டார். அந்தக் காட்சியே தன்னை ஆராய்ச்சிக்குத் திருப்பியது என்பது அவரைப் பற்றி வழங்கும் செய்தி. 1942-இல் வழி பிறந்தது: சின்னஞ்சிறு மர ஆப்புகளில் தூய பூஞ்சை இழையை வளர்த்து, கட்டையில் துளையிட்டு ஆப்பை அடித்து இறக்குவது. ஓக் எனப்படும் காட்டு மரங்களின் கட்டைகள் இதற்கு ஏற்றவை. ஒன்றரை இரண்டு ஆண்டுகள் நிழலில் கிடந்தபின் கட்டை ஈனத் தொடங்கும். வசந்தத்திலும் இலையுதிர் காலத்திலும் நாலைந்து ஆண்டுகள் தொடர்ந்து பலன் தரும். எழுநூறு ஆண்டுகளாகக் காற்றின் கையில் இருந்த வேலை, விவசாயியின் சுத்தியலுக்கு வந்தது.

சுவையின் இரகசியமும் அதே நாட்டில், ஏறத்தாழ அதே காலத்தில் துலங்கியது. 1908-இல் இக்கேடா கிகுனாயே கொம்பு கடற்பாசியிலிருந்து குளூட்டமேட்டைப் பிரித்து, அதன் சுவைக்கு ‘உமாமி’ என்று பெயரிட்டார். 1913-இல் அவர் மாணவர் கொடாமா ஷின்டாரோ உலர்ந்த மீனில் இனோசினேட்டைக் கண்டார். மூன்றாவது பொருள் 1957-இல் கிடைத்தது. யமாசா சோயா சாஸ் நிறுவனத்தில் பணிசெய்த குனினாக்கா அகிரா, குவானிலேட்டுக்கு அதே சுவை இருப்பதைக் கண்டறிந்தார். அது உலர்ந்த ஷிட்டாகேயில் மிகுந்திருப்பதும் தெரியவந்தது. குளூட்டமேட்டோடு இந்த இரண்டில் ஒன்று சேர்ந்தால் சுவை வெறுமனே கூடுவதில்லை, பல மடங்காகப் பெருகுகிறது என்பதையும் அவர் காட்டினார். கொம்பும் காளானும் கலந்த மடத்துச் சாறு ஏன் அப்படி ருசித்தது என்பதற்கு அதுவே விளக்கம்.

பச்சைக் காளானில் குவானிலேட் மிகக் குறைவு. உலர்த்தும்போது செல்கள் சிதைகின்றன. குளிர்ந்த நீரில் ஊறியபின் மெல்லச் சூடேற்றும்போது, காளானின் நொதிகளே அதன் ஆர்.என்.ஏ.வை உடைத்துக் குவானிலேட்டை உருவாக்குகின்றன. உலர்ந்த காளானுக்கே உரிய மணமும் லென்தியோனின் என்ற கந்தகச் சேர்மத்திலிருந்து பிறக்கிறது. தூரத்துச் சந்தைக்காக உலர்த்திய மலைவாசிகள், அறியாமலேயே சுவையையும் கூட்டிக்கொண்டிருந்தார்கள்.

அடுத்த திருப்பம் மீண்டும் சீனாவில். 1980-களில் ஃபூஜியான் மாகாணத்துக் குத்தியான் பகுதியில், மரத்தூளும் தவிடும் நிரப்பிய பிளாஸ்டிக் பைகளில் ஷிட்டாகே வளர்ப்பது பெருகியது. ஆண்டுக்கணக்கான காத்திருப்பு மாதக்கணக்கில் சுருங்கியது. அந்தப் பத்தாண்டின் முடிவுக்குள் உற்பத்தியில் சீனா ஜப்பானை முந்திவிட்டது. இன்று உலக ஷிட்டாகேயில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் சீனாவுடையது. விலை வீழ்ந்ததும் ஜப்பானிய விவசாயிகள் குரல் எழுப்பினார்கள். 2001 ஏப்ரலில் ஜப்பான் பச்சை ஷிட்டாகே, வெங்காயத்தாள், பாய் நெய்யும் கோரை ஆகிய மூன்றின்மீது 200 நாள்களுக்குத் தற்காலிக இறக்குமதிக் கட்டுப்பாடு விதித்தது. சீனா பதிலுக்கு ஜப்பானியக் கார், கைபேசி, ஏ.சி. கருவிகள்மீது 100 சதவீதச் சிறப்பு வரி போட்டது. கார் தொழிலே அசைந்துகொடுத்த அந்தப் பூசல் டிசம்பரில் பேசித் தீர்க்கப்பட்டது.

கட்டை வளர்ப்பு அழிந்துவிடவில்லை. ஓய்டாவின் குனிசாகி தீபகற்பத்தில் குனுகி ஓக் மரங்களை வெட்டிக் காளானுக்குக் கட்டையாக்குகிறார்கள். அடிமரம் மறுபடி தழைத்து ஏறத்தாழ 15 ஆண்டுகளில் வெட்டும் பருவம் எய்துகிறது. அந்தக் காடு பிடித்துவைக்கும் நீர் கீழேயுள்ள ஏரி குளங்களை நிரப்பி வயலுக்குப் பாய்கிறது. ஐ.நா.வின் உணவு வேளாண்மை அமைப்பு 2013-இல் அதை உலக வேளாண் மரபுச் சின்னமாக ஏற்றது. வூ சான்கோங்கின் சிங்யுவானுக்கு, காட்டையும் காளானையும் சேர்த்துப் பேணிய முறைக்காக, அதே சிறப்பு 2022-இல் கிடைத்தது. காலம் கடந்து வந்த நியாயமான மரியாதை அது.

இவ்வளவு உழைப்பையும் ஒரு தட்டில் சேர்ப்பது வீட்டு அடுப்பில் முடிகிற காரியம்தான். ஷிட்டாகே இங்கே பெரும்பாலும் உலர்ந்த வடிவில் கிடைக்கிறது. நாலைந்தை முந்தைய இரவே குளிர்ந்த நீரில் ஊறப்போட வேண்டும். வெந்நீர் அவசரத்துக்கு உதவும், சுவைக்கு உதவாது. நம் சந்தையில் கிடைக்கும் பெரிய பட்டன் காளான்களின் தண்டை நீக்கிக் குடையைத் தனியே வைக்கலாம். ஊறிய ஷிட்டாகேயைப் பொடியாக நறுக்கி, நீர் பிழிந்த டோஃபு, துருவிய இஞ்சி, கேரட், சோயா சாஸ், இரண்டு கரண்டி சோள மாவு சேர்த்துப் பிசைய வேண்டும். குடையின் உட்புறத்தில் கொஞ்சம் சோள மாவைத் தூவிவிட்டுப் பூரணத்தை அழுத்தி நிரப்பினால், வெந்தபின் அது தனியே கழன்று வராது. இட்லிப் பானையில் பத்து நிமிடம் போதும். காளான் ஊறிய பழுப்பு நீரை வடிகட்டி, சோயா சாஸும் துளி சர்க்கரையும் சேர்த்துச் சிறுதீயில் சுண்டவைத்து, கரைத்த சோள மாவு விட்டுக் கெட்டியாக்கி மேலே ஊற்ற வேண்டும். மடத்துச் சமையற்காரர் செய்ததைப் போலவே செய்ய விரும்புபவர் பூண்டோ வெங்காயத்தாளோ சேர்க்கக்கூடாது; ஊறிய நீரை மட்டும் கீழே ஊற்றிவிடக்கூடாது, சுவையின் பெரும்பகுதி அதில்தான் இருக்கிறது.